மூலத் தொடரைப் படிக்காத பிள்ளைக்குக் கிளை நாவலைக் கொடுக்கலாமா?

திருகோணமலையில் ஆங்கில மொழிமூலம் தரம் 7இல் படிக்கும் மகள், வகுப்புத் தோழியிடம் இரவல் வாங்கிய "த சன் அண்ட் த ஸ்டார்" என்ற தடித்த நாவலுடன் வீட்டுக்கு வந்திருக்கிறாள். அது பேர்சி ஜாக்சன் வரிசையிலிருந்து கிளைத்த கதை. மூல வரிசையில் ஒரு புத்தகத்தைக்கூட அவள் படித்ததில்லை. இதை இப்போதே படிக்க விடலாமா, முதற் புத்தகத்திலிருந்து தொடங்க வைக்க வேண்டுமா என்று தாயார் கேட்டிருக்கிறார். கோணேசர் கோயிலும் கன்னியா வெந்நீர் ஊற்றுகளும் உள்ள ஊரில் இருந்துகொண்டு நம் பிள்ளைகளுக்கு இப்படியொரு கதை ஏன் இல்லை என்பது அவருடைய இரண்டாவது கேள்வி.

கையில் கிடைத்த புத்தகத்தைப் பிடுங்க வேண்டாம்; அவள் படிக்கட்டும். காசு கொடுத்து வாங்குவதானால் மாத்திரம் இதை வாங்காமல், வரிசையின் முதற் புத்தகமான "த லைட்னிங் தீஃப்" நாவலை வாங்குங்கள். இதற்கான காரணத்தைச் சற்று விரிவாகச் சொன்னால், எந்தக் கிளை நாவலைக் கண்டாலும் இனி நீங்களே தீர்மானிக்க முடியும்.

ரிக் ரியோர்டன் என்ற அமெரிக்க எழுத்தாளர் தம் மகனுக்கு இரவில் சொன்ன கதையிலிருந்து இந்த உலகம் தொடங்கியது. அந்த மகனுக்கு வாசிப்பதில் இடர்ப்பாடும் கவனக்குறைபாடும் இருந்தன. அவற்றையே கிரேக்கக் கடவுளரின் பிள்ளைகளுக்குரிய அடையாளமாக மாற்றி, கடல் தெய்வத்தின் மகனான பேர்சியை அவர் படைத்தார். 2005 முதல் 2009 வரை ஐந்து நாவல்கள் வந்தன. 2010 முதல் 2014 வரை அதே உலகில் இன்னோர் ஐந்து, 2016 முதல் 2020 வரை வேறோர் ஐந்து என்று வரிசை நீண்டது. இந்தப் பதினைந்துக்கும் பிறகு, 2023 மே மாதத்தில், மார்க் ஒஷிரோ என்பவருடன் சேர்ந்து ரியோர்டன் எழுதிய நாவல்தான் உங்கள் மகளின் கையில் இருப்பது. ஆகவே அவள் நுழைந்திருப்பது வீட்டின் வாசலால் அல்ல, நடு அறையின் யன்னலால்.

இதன் நாயகன் பேர்சி அல்லன். நிக்கோ டி ஏஞ்சலோ என்ற பையன். 2007இல் வந்த மூன்றாம் நாவலில், பத்து வயதுச் சிறுவனாக, அக்காவின் கையைப் பிடித்துக்கொண்டு அவன் அறிமுகமாகிறான். இரண்டாம் உலகப் போருக்கு முந்திய இத்தாலியில் பிறந்தவன். காலம் நகராத ஒரு விடுதியில் அடைபட்டிருந்ததால் வயது ஏறாமல் நம் காலத்துக்கு வந்து சேர்ந்தவன். பாதாளத்தின் அதிபதியான ஹேடிஸின் மகன். அந்த நாவல் முடிவதற்குள் அக்கா பியாங்கா இறந்துவிடுகிறாள். அதன் பின்னர் பல புத்தகங்களில் அவன் வருகிறான், உதவுகிறான், யாருடனும் ஒட்டாமல் போய்விடுகிறான். வாசகப் பிள்ளைகளுக்கு அவன்மீது தனிப் பாசம் உண்டானதற்குக் கதையில் அவனுக்கு இடம் குறைவாக இருந்ததே காரணம் என்று நினைக்கிறேன்.

அந்தப் பாசம் ஒன்றே போதும் என்று பதிப்பாளர் நினைத்திருந்தால், அவனுடைய பெயரை அட்டையில் போட்டு ஏதோ ஒரு சாகசத்தை எழுதுவித்திருக்கலாம். இந்த நாவல் அப்படிப் பிறக்கவில்லை. மூலக் கதை தீர்க்காமல் விட்ட ஒரு கடனைத் தீர்க்கவே இது எழுந்தது. அந்தக் கடன் எது என்பதை மட்டும் சற்று நின்று பார்க்க வேண்டும்.

யாப்பெடஸ் என்ற பழைய அரக்கன் ஒருவன் மறதி ஆற்றில் விழுந்து, தான் யார் என்பதையே மறந்துவிடுகிறான். பேர்சி அவனுக்குப் பொப் என்று பெயர் வைத்து, நீ என் நண்பன் என்று சொல்லிவிட்டுப் போகிறான். பொப், ஹேடிஸின் மாளிகையில் துடைப்பம் பிடித்துத் துப்புரவு செய்யும் பணியாளனாகிறான். பெயர் வைத்த பேர்சி ஒருநாள்கூட அவனைப் போய்ப் பார்க்கவில்லை, பார்த்தவன் நிக்கோ. பேர்சி நல்லவன் என்று அவனிடம் சொல்லி வைத்தவனும் நிக்கோதான். 2013இல் வந்த "த ஹவுஸ் ஒஃப் ஹேடிஸ்" நாவலில், பாதாளத்துக்கும் கீழே உள்ள டார்டரஸ் என்ற படுகுழியில் பேர்சியும் அவனுடைய தோழி அனபெத்தும் விழும்போது, அந்த ஒரு சொல்லை நம்பித் துடைப்பத்துடன் குதித்து வந்து காப்பாற்றுகிறான் பொப். வெளியேறும் வழி ஒரு மின்தூக்கி. அதன் பொத்தானை யாராவது 12 நிமிடம் வெளியே படுகுழியில் நின்று அழுத்திக்கொண்டிருந்தால்தான் அது மேலே போய்ச் சேரும். பொப் நிற்கிறான். சூரியனுக்கும் நட்சத்திரங்களுக்கும் என் வணக்கத்தைச் சொல்லுங்கள் என்று கேட்டுக்கொண்டு பின்தங்கிவிடுகிறான். நாயகனும் நாயகியும் தப்பிவிடுகிறார்கள், கதை வேறு போர்களுக்கு நகர்ந்துவிடுகிறது, பொப்பின் பெயர் அடங்கிப்போகிறது.

பத்து ஆண்டுகளுக்குப் பின் வந்த கிளை நாவலின் தலைப்பே அந்த வேண்டுகோளிலிருந்து எடுத்தது. ஒரு தீர்க்கவாக்கின் தூண்டுதலோடு நிக்கோ, பொப்பை மீட்க டார்டரஸுக்குள் இறங்குகிறான். சூரிய தெய்வத்தின் மகனும் வைத்தியனுமான வில் சோலஸ் உடன் போகிறான். வெளிச்சத்தின் பிள்ளைக்கு அந்த இருட்டு ஒத்துக்கொள்ளாமல் அவன் மெலிந்துகொண்டே வருகிறான். இரவின் தெய்வமான நிக்ஸ், நிக்கோவை முழுக்க இருளுக்கே உரியவனாக்கிக்கொள்ளப் பார்க்கிறாள். அவனுடைய துயரங்களே உயிர்பெற்றுக் குட்டிப் பேய்களாக அவன் முன்னால் வந்து நிற்கும் பகுதி, பிள்ளைகளுக்கு எழுதப்பட்ட துக்கம் பற்றிய பக்கங்களில் நான் மிகவும் மதிப்பது. அவற்றை அவன் வெட்டிக் கொல்வதில்லை. எப்படிக் கையாள்கிறான் என்பதை உங்கள் மகளே படித்துச் சொல்லட்டும்.

மூலத்தைப் படிக்காதவள் இதில் எதை இழப்பாள்? கதை ஓட்டம் புரியாமல் போகாது. யார் எவர் என்பதை நாவல் ஆங்காங்கே சொல்லிக்கொண்டுதான் போகிறது. இழப்பது பாரத்தை. பொப் என்ற பெயரைக் கேட்டதும் மூலத்தைப் படித்த பிள்ளைக்கு நெஞ்சு அடைக்கும். இவளுக்கு அது ஒரு பெயர். இன்னொன்றும் உண்டு: 2018இல் வந்த ஒரு நாவலில் முக்கியமான ஒருவன் இறக்கிறான், அந்த மரணத்தை இந்த நாவலிலிருந்து முன்கூட்டியே தெரிந்துகொண்டால் பிறகு அந்தப் புத்தகத்தைப் படிக்கும்போது அடி விழாது. ஆகவே, அவள் இதையே முதலில் படிப்பதானால், நிக்கோவின் அக்காவைப் பற்றியும் பொப்பின் துடைப்பத்தைப் பற்றியும் மேலே நான் எழுதியதை அவளுக்கு வாய்மொழியாகச் சொல்லிவிட்டுப் படிக்க விடுங்கள்.

முன்கதையைக் கிளைக்கதைக்குள் எப்படி நுழைப்பது என்பது கடினமான தொழில். அதை நம்மவர் எப்போதோ அழகாகச் செய்து காட்டியிருக்கிறார்கள். மணிமேகலையை எடுத்துப் பாருங்கள். சிலப்பதிகாரத்தில் கோவலன் கொலையுண்டான், கண்ணகி மதுரையை எரித்தாள், சேரன் கல் எடுத்துக் கோயில் கட்டினான். மாதவியும் அவள் மகளும் துறவு பூண்ட செய்தி இடையில் சொல்லப்பட்டு அத்தோடு விடப்பட்டது. சீத்தலைச் சாத்தனார் பிடித்துக்கொண்டது அந்த மகளை. சிலம்பைக் கேளாதவனுக்கு முன்கதையைச் சொல்ல அவர் தனி முன்னுரை எழுதவில்லை. புகாரில் இந்திர விழா தொடங்குகிறது, மாதவி ஆட வரவில்லை, ஊர் பழி பேசுகிறது, ஏன் வரவில்லை என்று தோழி வசந்தமாலை போய்க் கேட்கிறாள். மாதவி சொல்லும் மறுமொழியில் கோவலனும் கண்ணகியும் மதுரைத் தீயும் வந்துவிடுகின்றன. அதோடு, தான் பெற்ற மகளைக் கண்ணகியின் மகள் என்று அவள் சொல்லும்போது, அடுத்து வரப்போகும் காவியத்தின் முழுப் பாரமும் அந்தப் பெண்ணின் தலையில் ஏறிவிடுகிறது. இரண்டாவது காதையிலேயே காரியம் முடிந்தது.

அதன் பிறகு வருவதெல்லாம் இன்றைய பிள்ளை தேடும் மாயச் சாகசம்தான். தூங்கும் பெண்ணைத் தெய்வம் வானவழியே தூக்கிக்கொண்டு தீவொன்றில் வைக்கிறது. அந்த மணிபல்லவத்தை நயினாதீவு என்று பலரும் கொள்வதால் அது நமக்கு அயல் நாடும் அல்ல. வேற்றுருவம் எடுக்கவும் வானில் பறக்கவும் பசி தாங்கவும் மூன்று மந்திரங்கள் கிடைக்கின்றன. கோமுகிப் பொய்கையிலிருந்து வைகாசி முழுநிலா நாளில் அமுதசுரபி மேலெழுந்து அவள் கைக்கு வருகிறது. அந்தப் பாத்திரத்துக்கும் ஆபுத்திரன் என்ற இன்னொருவனின் சோகமான முன்கதை இருக்கிறது. எவ்வளவு உண்டாலும் அடங்காத யானைத்தீ என்ற நோய் பிடித்த காயசண்டிகையின் பசி அந்தச் சோற்றில் தீர்கிறது. பிறகு காயசண்டிகையின் உருவை மணிமேகலை எடுத்துக்கொள்ள, அந்த மாற்றமே அரசிளங்குமரன் உதயகுமாரனின் கொலையில் போய் முடிகிறது. மந்திரத்தைப் பயன்படுத்தினால் விலை கொடுக்க வேண்டும் என்பதைச் சாத்தனார் எவ்வளவு கறாராக எழுதியிருக்கிறார் என்று பாருங்கள். பிற்பகுதியில் சமயவாதம் நீள்வதால் சோர்வு தட்டும் என்பதையும் சொல்லித்தான் ஆக வேண்டும்.

பாதாளத்தில் இறங்கி மீட்கும் கதை வேண்டுமென்றால் மயில் இராவணன் கதை இருக்கிறது. கம்பரில் அது இல்லை, வான்மீகத்திலும் இல்லை; பிற்காலத்தில் போர்க்களத்தின் இடைவெளி ஒன்றில் செருகி வளர்த்த கிளை. அனுமன் தன் வாலையே கோட்டையாகச் சுற்றி இராம இலக்குவரைக் காவல் காக்க, விபீடணன் உருவில் வந்த மயில் இராவணன் இருவரையும் பாதாளத்துக்குக் கடத்திவிடுகிறான். தேடிப் போகும் அனுமனை அங்கே வாசலில் தடுப்பவன், மீன் வயிற்றில் பிறந்த அவனுடைய சொந்த மகன். தனக்கு மகன் இருப்பதே அனுமனுக்கு அப்போதுதான் தெரியும். பகைவனின் உயிர் வண்டுகளில் ஒளிந்திருக்கிறது. நாயகனைத் தூங்க வைத்துவிட்டுத் துணைப்பாத்திரத்தின் கையில் கதையைக் கொடுக்கும் உத்தி இதில் எவ்வளவு துணிச்சலாக நடக்கிறது! அல்லி அரசாணி மாலையும் பவளக்கொடி மாலையும் பாரதத்துக்கு இதே உறவு உடையவை. ஆகவே நம்மிடம் இந்த வகை இல்லை என்பது சரியன்று. பிள்ளைகளுக்கேற்ற இன்றைய உரைநடையில் போதிய அளவு இல்லை என்பதே சரி.

கிளை நாவல்கள் எல்லாம் இப்படிக் கடன் தீர்க்கப் பிறப்பவை அல்ல. சில, மூல நாயகனுக்கு வயதாகிவிட்டது என்பதற்காக அவன் தம்பியரை முன்னிறுத்துகின்றன. 2001இல் தொடங்கி 2012இல் எட்டாம் புத்தகத்துடன் முடிந்த ஆர்ட்டெமிஸ் ஃபவுல் வரிசைக்குப் பிறகு, 2019இல் அவனுடைய இரட்டைத் தம்பியரை வைத்து "த ஃபவுல் ட்வின்ஸ்" வந்தது. அத்தகைய புத்தகத்தில் முன்னறிவு இல்லாமலே நுழையலாம் என்பது பெரிய வசதி. ஆனால் மூலத்தில் அணையாமல் விட்ட நெருப்பு எதுவும் அதில் இல்லாததால் எனக்கு அது வேடிக்கையாக இருந்தது, அவ்வளவுதான். பின்னட்டையை வாசிக்கும்போது பார்க்க வேண்டியது இதையே: பழக்கமான பாத்திரத்தின் புதிய சாகசம் என்று மட்டும் போட்டிருந்தால் எந்த ஒழுங்கிலும் படிக்கலாம், மூலத்தில் நடந்த ஒன்றைத் தேடிப் போகிறார்கள் என்று இருந்தால் மூலத்தை முதலில் படிப்பது நல்லது.

பெற்றோர் வழக்கமாகக் கேட்கும் மற்ற இரண்டையும் சுருக்கமாகச் சொல்கிறேன். நிக்கோவும் வில்லும் ஒருவரையொருவர் காதலிக்கும் பதின்ம வயதுப் பையன்கள். நாவலின் நடுவில் ஓடுவது அந்த உறவு. அது மென்மையாகவும் கண்ணியமாகவும் எழுதப்பட்டிருக்கிறது. வீட்டில் பேசாத விடயமாக இருந்தால், மகள் கேள்வி கேட்கும்போது முகத்தைச் சுளிக்காமல் பேசத் தயாராக இருங்கள். ஆங்கிலத்தைப் பொறுத்தவரை, முதல் ஐந்து நாவல்களையும் பேர்சியே தன் வாயால், பகிடியும் குறும்புமாகச் சொல்வதால் ஓட்டம் இலகு. இது படர்க்கையில் சொல்லப்படும் கதை, மனத்துக்குள் நடப்பது அதிகம், வேகம் குறைவு. தரம் 7இல் உள்ள பிள்ளை நடுவில் களைத்துப்போனால் அது அவளுடைய ஆங்கிலத்தின் குறை என்று எண்ணிவிடக் கூடாது. முதலாம் புத்தகத்தைச் சிபாரிசு செய்வதற்கு இதுவும் ஒரு காரணம்.

இனி இரண்டாவது கேள்வி. ரியோர்டனின் பெயரில் 2018இல் ஒரு பதிப்பு வரிசை தொடங்கியது. வேறு வேறு பண்பாட்டுப் புராணங்களை அந்தந்தப் பண்பாட்டிலிருந்து வந்தவர்களே எழுதுவது அதன் நோக்கம். முதலில் வந்தது, பாண்டவர் கதையை இன்றைய பெண்பிள்ளை ஒருத்தியுடன் இணைத்து ரோஷனி சோக்சி எழுதிய "அரு ஷா அண்ட் தி எண்ட் ஒஃப் டைம்". பேர்சியின் உலகத்தை அது இரவல் வாங்கவில்லை. மூலமாக நின்றது புத்தக வரிசை அல்ல, கேட்டு வளர்ந்த கதை. நமக்குத் தேவையான பாடம் இங்கே இருக்கிறது: கிளைக்கதைக்குப் பிள்ளையின் காதில் ஏற்கெனவே விழுந்திருக்கும் ஒரு மூலக்கதை போதும், திருகோணமலைப் பிள்ளைக்கு அது இருக்கிறது.

கன்னியாவை எடுத்துக்கொள்வோம். இராவணன் தன் தாயின் சிவபூசைக்காகக் கோணமலையைப் பெயர்க்க முயன்று வாளால் வெட்டினான், அதுவே இராவணன் வெட்டு. அவனைத் தடுக்கத் திருமால் முதியவர் உருவில் வந்து, உன் தாய் இறந்துவிட்டாள் என்றார். அவளுக்குக் கருமம் செய்ய நிலத்தில் ஏழு இடத்தில் குத்த, ஏழு வெந்நீர் ஊற்றுகள் எழுந்தன. ஊரில் வழங்கும் கதை இது. மலை பெயர்வதும் ஊற்று எழுவதும் எல்லாம் தாயின் பொருட்டு, ஆனால் அந்தத் தாய் ஒரு வார்த்தையும் பேசவில்லை. தான் உயிரோடிருக்கும்போதே தனக்கு நீர்க்கடன் கழிக்கப்பட்டதை அவள் கேள்விப்பட்டால்? அந்தச் செய்தியை அவளிடம் கொண்டுபோக வேண்டியவள் அரண்மனைப் பணிப்பெண்ணின் பத்து வயது மகள் என்றால்? ஏழு கிணறுகளின் சூடும் ஒன்றுபோல இல்லை என்பது குளித்த எவருக்கும் தெரியும். அவள் கடக்க வேண்டிய ஏழு கட்டங்களுக்கு வேறு கற்பனை தேவையில்லை.

தீர்க்கவாக்கும் இங்கேயே இருக்கிறது. பிரெட்ரிக் கோட்டை வாசலின் கல்லில் மீன் இலச்சினையும் தேய்ந்துபோன எழுத்துகளும் இருக்கின்றன. குளக்கோட்டன் செய்த திருப்பணியைப் பின்னாளில் பறங்கி பிரிப்பான் என்றும், பூனைக்கண்ணன், செங்கண்ணன், புகைக்கண்ணன் என்று ஒருவர் பின் ஒருவர் வருவர் என்றும் சொல்லும் பாடலின் சிதைந்த பகுதி அது. போர்த்துக்கேயர் 17ஆம் நூற்றாண்டில் கோயிலை இடித்துக் கோட்டை கட்டியதையும் அவர்களுக்குப் பின் வந்த ஆட்சிகளையும் அதற்குப் பொருளாகச் சொல்வார்கள். வரப்போகிறவர்களின் பெயரைச் சொல்லாமல் கண்ணின் நிறத்தை மட்டும் சொல்லிவிட்டுப் போகும் அந்தப் பாடலைவிடச் சிறந்த புதிரை எந்த மாயக் கதைக்காரன் எழுதிவிடுவான்? 1956இல் சுவாமி மலையடியில் கடலுக்குள் மைக் வில்சனும் ஆர்தர் சி. கிளார்க்கும் பழைய கோயிலின் கற்களைக் கண்டதையும் சேர்த்துக்கொண்டால், பாதாளத்துக்கு இறங்கும் வாசலும் கிடைத்துவிடுகிறது.

ஒரு எச்சரிக்கை. இவ்வளவு சரக்கு கைவசம் இருப்பதே எழுதுகிறவருக்கு ஆபத்து. கோட்டை மான், புறாத்தீவு, கந்தளாய்க் குளம், டச்சுக்குடா என்று எல்லாவற்றையும் ஒரே புத்தகத்தில் அடைத்தால் சுற்றுலாக் கையேடு ஆகிவிடும். நிக்கோவின் நாவல் நிற்பது டார்டரஸின் வர்ணனையால் அல்ல, துடைப்பம் பிடித்த ஒருவனை விட்டுவிட்டு வந்தோமே என்ற உறுத்தலால். கன்னியாக் கதை எழுதுகிறவரும் தாயின் மௌனத்தை மட்டும் பிடித்துக்கொண்டு, அதற்கு உதவாத இடத்தை, எவ்வளவு அழகாக இருந்தாலும், விட்டுவிட வேண்டும்.

உங்கள் மகள் நிக்கோவையோ பொப்பையோ கன்னியாவுக்குக் கூட்டிவந்து ஒரு கதை எழுத விரும்பினால் தாராளமாக எழுதட்டும். அப்பியாசக் கொப்பியிலும் வகுப்பிலும் அதற்குத் தடை இல்லை, பாத்திரத்தின் குரலைப் பிடிக்க அதைவிட நல்ல பயிற்சியும் இல்லை. அச்சிட்டு விற்பதானால் மட்டும் அந்தப் பாத்திரங்கள் ரியோர்டனுக்கு உரியவை, அனுமதி இல்லாமல் பயன்படுத்த முடியாது. இராவணனுக்கும் அவன் தாய்க்கும் அப்படி உரிமையாளர் யாரும் இல்லை.